18 பவுண்டு குடுத்து நடந்தேன்: லண்டன் 'எழுத்தாளர் வாக்' ரிவ்யூ

நடக்கறதுக்கு யாராவது காசு குடுப்பாங்களாடின்னு எங்கம்மா ஃபோன்ல கேட்டாங்க. நான் குடுத்தேன், 18 பவுண்டு. ஆபீஸ் ப்ராஜெக்டுக்காக லண்டன் வந்து எட்டு மாசமாச்சு, ஈஸ்ட் ஹாம்ல ரூம், ஆபீஸ், ரூம், சனிக்கிழமை ஆனா தமிழ் கடையில முருங்கைக்காய், இதுக்கு மேல ஊரையே பாக்கல. ஒருநாள் ராத்திரி தூக்கம் வராம ஃபோனை நோண்டிட்டு இருந்தப்ப இந்த வாக் கண்ணுல பட்டுச்சு. இந்த ஊருல நடந்து நடந்தே எழுதின எழுத்தாளர்கள், அவங்க நடந்த தெருவுல அவங்க என்ன மனநிலையில நடந்தாங்கன்னு சொல்லிக்கிட்டே ரெண்டரை மணி நேரம் கூட்டிட்டுப் போவாங்களாம். டாவிஸ்டாக் ஸ்கொயர்ல ஆரம்பிச்சு வாட்டர்லூ பாலத்துல முடியும். கம்பெனி பேரு போடல, இந்த மாதிரி வாக் லண்டன்ல நிறைய பேரு நடத்தறாங்க, நான் சொல்றதுல பாதி எல்லாத்துக்குமே பொருந்தும்னு நினைக்கறேன்.

முதல்ல குறையை சொல்லிடறேன், மனசுல வச்சுக்கிட்டா அடுத்தது எழுத வராது. 12 பேருக்கு மேல சேக்க மாட்டோம்னு போட்டிருந்தாங்க. நான் ஈஸ்ட் ஹாம்ல ஹேமர்ஸ்மித் அண்ட் சிட்டி லைன் புடிச்சு யூஸ்டன் ஸ்கொயர்ல இறங்கி, தூறல்ல பத்து நிமிஷம் நடந்து போய் பாத்தா 23 பேரு நிக்கறாங்க, எண்ணிப் பாத்தேன், என்னையும் சேத்து 24. ஆளுக்கு ஒரு காதுல மாட்டற மிஷின் குடுத்தாங்க, கைடு அங்க மைக்ல பேசறது நமக்குக் காதுக்குள்ள கேக்கும். என் மிஷின் சிக்னல் பக்கத்துல போனாலே கொர்ருன்னு இரைச்சல், ரெண்டு தடவை மாத்திக் குடுத்தாங்க, மாத்தினதும் அதே கதைதான். தனியா நடக்கறதைப் பத்தின வாக்கை 24 பேரா வரிசையில நடக்கறதே ஒரு காமெடின்னு அப்பவே தோணுச்சு. சரி, குடுத்த காசுக்கு வந்தாச்சு.

டாவிஸ்டாக் ஸ்கொயரைப் பத்தி கொஞ்சம் விரிவா சொல்லணும், ஏன்னா இந்த வாக்லயே நல்ல பாகம் அதான். சின்ன பார்க், சுத்தி கம்பி வேலி, நாலு பக்கமும் பெரிய பெரிய கட்டடம். நாவல் எழுதற வர்ஜீனியா வுல்ஃப்ங்கற அம்மா 1924லேர்ந்து 1939 வரைக்கும் இந்த ஸ்கொயர்ல 52ஆம் நம்பர் வீட்டுல இருந்தாங்க. வீடு இப்ப இல்ல, 1940ல ஜெர்மன்காரன் போட்ட குண்டுல போச்சு, அந்த இடத்துல இப்ப ஒரு ஹோட்டல் நிக்குது, சூட்கேஸை உருட்டிக்கிட்டு ஆளுங்க உள்ள போறதும் வர்றதுமா இருக்காங்க. பார்க் மூலையில அவங்க மார்பளவு சிலை இருக்கு. இந்த ஸ்கொயரை சுத்தி நடந்துட்டு இருந்தப்பதான் ஒருநாள் டு தி லைட்ஹவுஸ் நாவல் மொத்தமும் தானா பொங்கி வந்துச்சுன்னு அவங்களே பின்னாடி எழுதி வச்சிருக்காங்க. நான் அந்தப் பார்க்கை ஒரு சுத்து சுத்திப் பாத்தேன், அஞ்சு நிமிஷம்கூட ஆகல. அஞ்சு நிமிஷ சுத்துல ஒரு நாவல். எனக்கு வந்தது தும்மல் மட்டும்.

இதே ஸ்கொயர்லதான் அதுக்கு முன்னாடி சார்லஸ் டிக்கன்ஸும் இருந்திருக்காரு, 1851லேர்ந்து 1860 வரைக்கும். அந்த வீடும் இல்ல, அங்க இப்ப டாக்டர்கள் சங்கத்துக் கட்டடம். 1857ல, பொண்டாட்டியோட ஒத்துப் போகாம வீடே நரகமா இருந்த சமயத்துல, ராத்திரி ரெண்டு மணிக்கு படுக்கையை விட்டு எந்திரிச்சு கிளம்பி 30 மைல் நடந்து கென்ட்ல இருக்கற இன்னொரு வீட்டுக்குக் காலை சாப்பாட்டுக்குப் போயிருக்காரு மனுஷன். 30 மைல்னா 48 கிலோமீட்டர். கோவம் வந்தா நம்ம வீட்டு ஆம்பளைங்க தெருமுனை டீக்கடை வரைக்கும் போவாங்க, இவரு அடுத்த ஜில்லாவுக்கே போயிட்டாரு. கைடு இதை சொன்ன விதம் நல்லா இருந்துச்சு, 60 வயசு தாண்டின வெள்ளைக்காரரு, குரல் அப்படி ஒரு குரல். அந்த டாக்டர்கள் சங்கத்துக் கட்டடத்து வாசல்லதான் 2005 ஜூலை 7ஆம் தேதி 30ஆம் நம்பர் பஸ்ல குண்டு வெடிச்சு 13 பேரு செத்தாங்க. அதையும் சொல்லிட்டு அரை நிமிஷம் பேசாம நின்னாரு. மிஷின்ல இரைச்சல் மட்டும் கேட்டுச்சு.

ஆனா அந்தப் பார்க் நட்ட நடுவுல சம்மணம் போட்டு உக்காந்திருக்கற காந்தி சிலையை ஒரு வார்த்தை சொல்லாம தாண்டிட்டாரு. 1968ல வச்ச சிலை, பீடத்துல யாரோ சாமந்தி வச்சிட்டுப் போயிருந்தாங்க, மழையில நனைஞ்சு கெடந்துச்சு. நான் கைய தூக்கி கேட்டேன், இவரும் நடந்தவர்தானே, எழுதினவர்தானேன்னு. எங்க ரூட்ல இல்லைன்னு சிரிச்சாரு. சத்திய சோதனை படிச்சவங்களுக்கு ஞாபகம் இருக்கும், லண்டன்ல சட்டம் படிச்சப்ப வண்டிச் செலவை மிச்சம் பண்ண, நடந்து போற தூரத்துல ரூம் பாத்துக்கிட்டு தினம் எட்டு பத்து மைல் நடந்திருக்காரு, அப்படி நடந்துதான் உடம்பு நோய் நொடி இல்லாம இருந்துச்சுன்னு எழுதியிருக்காரு. வந்தப்ப வயசு 19கூட ஆகல. அந்த நடையில கவிதை கிடையாது, கணக்கு நோட்டு இருக்கு. ஆனா அதுவும் ஒரு மனநிலைதானே, கையில காசு கம்மியா இருக்கறவன் ஊரை அளக்கற விதம். நானே முதல் மாசம் சம்பளம் வர்ற வரைக்கும் பஸ்சுக்கு யோசிச்சவதான். இதை விட்டுட்டீங்களேன்னு எனக்கு ஆதங்கம்.

இப்ப மெயின் மேட்டர். இந்த வாக்கோட முதுகெலும்பு வுல்ஃப் 1927ல எழுதின ஒரு கட்டுரை, பேரு ஸ்ட்ரீட் ஹான்டிங். கதைன்னு பாத்தா ஒண்ணுமில்ல. குளிர்கால சாயங்காலம், வீட்ல உக்காந்திருக்கற பொம்பளை, பென்சில் வாங்கணும்னு சொல்லிட்டு வெளிய கிளம்பறாங்க, பாதி லண்டனை நடந்துட்டு, கடைசியில ஸ்ட்ராண்ட் தெருவுல ஒரு கடையில பென்சில் வாங்கிட்டு வீட்டுக்கு வர்றாங்க. அவ்ளோதான். ஆனா ஆரம்பத்துலயே அவங்க ஒத்துக்கறாங்க, பென்சில் சும்மா சாக்கு, எனக்கு நடக்கணும், அதுக்கு ஒரு காரணம் வேணும்னு.

இதை கைடு படிச்சுக் காட்டினப்ப நான் அப்படியே நின்னுட்டேன், பின்னாடி வந்த ஆளு என் மேல மோதிட்டாரு. எங்கம்மா மதுரையில தினம் சாயங்காலம் 'கறிவேப்பிலை வாங்கிட்டு வந்துடறேன்'னு கிளம்புவாங்க. காய்கறிக் கடைக்காரரு கறிவேப்பிலையை சும்மாவே குடுப்பாரு, அதுக்குன்னு தனியா ஒருத்தர் போகவே வேணாம். போனா ஒரு மணி நேரம் ஆகும். வர்றப்ப கையில ஒரு கொத்து இருக்கும், முகம் வேற மாதிரி இருக்கும். அப்பா 'கறிவேப்பிலை என்ன கொடைக்கானல்ல பறிச்சியா'ன்னு கேப்பாரு. அம்மா பதில் சொல்ல மாட்டாங்க. நான் அதை ஒரு நாளும் யோசிச்சதே இல்ல, அம்மா எங்க போறாங்க, எந்தத் தெரு வழியா போறாங்க, என்ன பாக்கறாங்கன்னு. நூறு வருஷத்துக்கு முன்னாடி லண்டன்ல வசதியான, சொந்தமா பதிப்பகமே வச்சிருந்த ஒரு பொம்பளைக்கே பென்சில் தேவைப்பட்டுச்சுன்னா எங்கம்மாவுக்கு கறிவேப்பிலை தேவைப்படாதா. இந்த ஒரு நிமிஷத்துக்கே 18 பவுண்டு சரியாப் போச்சுன்னு வச்சுக்கோங்க.

அந்தக் கட்டுரையில இன்னொரு விஷயம். வீட்டு சாமான் எல்லாம் நம்ம யாருன்னு நமக்கு ஞாபகப்படுத்திக்கிட்டே இருக்கும், கதவை சாத்திட்டு இருட்டுல இறங்கின உடனே அந்த 'நான்' கழண்டு விழுந்துடும், மேல் ஓடு உடைஞ்சு உள்ள இருக்கற சிப்பி மாதிரி, வெறும் ஒரு பெரிய கண்ணு மட்டும் மிஞ்சும்னு எழுதறாங்க. அதாவது தெருவுல நான் யாரும் இல்ல, அந்த சுகம். நல்லாத்தான் இருக்கு. ஆனா எல்லாருக்கும் அது கழளுமாங்கறதுதான் எனக்கு டவுட்டு, அதுக்கு அப்புறம் வரேன்.

கோர்டன் ஸ்கொயர், மியூசியம் வாசல் இதெல்லாம் வேகமா போச்சு. கோர்டன் ஸ்கொயர்ல வுல்ஃப் கல்யாணத்துக்கு முன்னாடி, இருபது வயசுக்கு மேல இருந்த வீட்டைக் காட்டினாரு, எல்லாரும் ஃபோட்டோ எடுத்தாங்க, நானும் எடுத்தேன், கதவு ஃபோட்டோ, இப்ப பாத்தா எந்தக் கதவுன்னே தெரியல.

அடுத்து சோஹோ ஸ்கொயர். இங்க வில்லியம் பிளேக் பாட்டு ஒண்ணு வாசிச்சாரு, 1794ல வந்தது, லண்டன் தெருவுல பாக்கற ஒவ்வொரு முகத்துலயும் சோர்வும் துயரமும் எழுதி வச்சிருக்கறதா சொல்ற பாட்டு. பாட்டு நல்ல பாட்டு, ஆனா அவரு வாசிச்ச நேரம் சுத்தி இருந்த பப்ல சனிக்கிழமைக் கூட்டம் பியர் கிளாஸோட சிரிச்சுட்டு இருந்துச்சு, ஒரு முகத்துலயும் துயரத்தைக் காணோம். தாமஸ் டி குவின்ஸிங்கற எழுத்தாளரோட கதையை கைடு சொன்னப்பதான் கூட்டமே அமைதியாச்சு.

டி குவின்ஸி 1802ல மான்செஸ்டர்ல ஸ்கூலை விட்டு ஓடி, 17 வயசுல லண்டன் வந்து சேந்த பையன். கையில காசில்ல, லண்டன்ல பட்டினி. ராத்திரி ஆக்ஸ்ஃபோர்ட் தெருவுல சுத்தறப்ப 'ஆன்'னு பேருள்ள ஒரு பொண்ணு பழக்கமாகுது, 16 வயசுகூட ஆகாத பொண்ணு, தெருவுல உடம்பை வித்துப் பிழைக்கற பொண்ணு. ரெண்டு பேரும் சும்மா நடப்பாங்க. ஒரு ராத்திரி சோஹோ ஸ்கொயர்ல ஒரு வீட்டு வாசப்படியில இவன் மயங்கி சரிஞ்சுட்டான். அந்தப் பொண்ணு ஓடிப் போய் தன் கைக்காசுல மசாலா போட்ட ஒயின் வாங்கிட்டு வந்து ஊத்தி உயிரைக் காப்பாத்திருக்கு. அப்புறம் இவன் கடன் வாங்க வெளியூர் கிளம்பறான், திரும்பி வந்ததும் கிரேட் டிச்ஃபீல்ட் தெரு முனையில சாயங்காலம் ஆறு மணிக்கு தினம் வந்து நிக்கறதுன்னு பேசிக்கறாங்க. இவன் வந்தான், நின்னான். அந்தப் பொண்ணு வரவே இல்ல. முழுப் பேரு என்னன்னு கேட்டு வச்சிக்கல, ஊரே தெரியாத ஒருத்தியை எங்க போயி தேடறது. 1821ல இதை எழுதறப்ப அவரு சொல்றாரு, ரெண்டு பேருமே ஒருத்தரை ஒருத்தர் தேடிட்டு சில அடி தூரத்துலயேகூட தாண்டிப் போயிருப்போம், ஒரு தெரு அகலம் போதும் ஆயுசுக்கும் பிரிக்கறதுக்குன்னு.

கூட வந்த ஒரு அம்மா கண்ணைத் துடைச்சாங்க. நான் கைடுகிட்ட அந்த தெரு முனை எங்க இருக்குன்னு கேட்டேன், பக்கம்தான், ஆனா நேரமில்லன்னுட்டாரு. பக்கம்தான்னா கூட்டிட்டுப் போக வேண்டியதுதானே ஐயா. மூணு இடத்துல பப் கதை சொல்ல நேரம் இருந்துச்சு.

சேரிங் கிராஸ் ரோடு, சிசில் கோர்ட் பழைய புத்தகக் கடைங்க. சிசில் கோர்ட் அழகான சந்து, ரெண்டு பக்கமும் பழைய மாடல் கடை முகப்பு, கண்ணாடிக்குள்ள மஞ்ச பல்பு, 1764ல சின்னப் பையன் மொஸார்ட் இங்க வாடகைக்கு இருந்தானாம். வுல்ஃப் பழைய புத்தகத்தை எல்லாம் வீடு வாசல் இல்லாத காட்டுப் புத்தகம்னு சொல்லுவாங்க, தூக்கிக் கொஞ்சணும்போல இருக்கும் அந்த வரியைப் படிச்சா. இங்க 15 நிமிஷம் ஃப்ரீயா விட்டாங்க. நான் ஒரு கடைக்குள்ள போயி விலையைப் பாத்துட்டு மரியாதையா வெளிய வந்தேன்.

செயின்ட் மார்ட்டின் சர்ச் வாசல்ல நடந்ததை எழுதணுமா வேணாமான்னு யோசிச்சேன். எழுதறேன். டிக்கன்ஸுக்கு தூக்கம் வராத ஒரு காலம் இருந்துச்சு, 1851 மார்ச் கடைசியில அவங்கப்பா செத்ததை ஒட்டின நாளுங்கன்னு அவர் வாழ்க்கையை எழுதினவங்க சொல்வாங்க. படுத்த உடனே எந்திரிச்சு வெளிய போய் விடியற வரைக்கும் தெருத் தெருவா நடந்து, விடிஞ்சதும் அசந்து வந்து தூங்கியிருக்காரு. அதை வச்சு 1860ல எழுதின கட்டுரைதான் நைட் வாக்ஸ். அதுல தனக்கே 'வீடில்லாமை'ன்னு பேரு வச்சிக்கிட்டு நடக்கறாரு. பப் விளக்கெல்லாம் அணைஞ்சதும் எங்கயாவது ஒரு ஜன்னல்ல வெளிச்சம் தெரியாதா, யாராவது முழிச்சிருக்க மாட்டாங்களான்னு மனசு ஏங்குமே, அதை அவரு எழுதின மாதிரி நான் எங்கயும் படிச்சதில்ல. தூக்கம் வராதவங்களுக்குத் தெரியும் அந்த ஏக்கம். இந்த வாக் டிக்கெட்டே நான் அப்படி ஒரு ராத்திரியில புக் பண்ணினதுதானே.

ராத்திரி மூணு மணி அடிக்கறப்ப இந்த சர்ச் படியில ஒரு உருவம் எந்திரிக்குது, கந்தல் துணி, நடுங்கற இருபது வயசுப் பையன். டிக்கன்ஸ் காசு குடுக்கலாம்னு கைய நீட்டி நிறுத்தப் பாக்கறாரு, பையன் மிரண்டு போய் துணியிலிருந்தே உருவிக்கிட்டு ஓடிடறான், கந்தல் மட்டும் இவர் கையில. கைடு இதை உருக்கமா சொன்னாரு. சொல்லாம விட்டது ஒண்ணு இருக்கு, அந்தப் பையனை டிக்கன்ஸ் 'அவன்'னு எழுதல, 'அது'ன்னு எழுதறாரு. நான் ரூமுக்கு வந்து கட்டுரையை எடுத்து மறுபடி பாத்தேன், 'அது நடுங்கியது' மாதிரிதான் இருக்கு. ஏழைங்களுக்காக அவ்ளோ எழுதின மனுஷன், ராத்திரி மூணு மணிக்கு பயத்துல மொழி எப்படி வழுக்குது பாருங்க. தமிழ்ல இதை மொழிபெயர்க்கறவங்க தயவுசெஞ்சு 'அவன்'னு மாத்தி அவரைக் காப்பாத்தாதீங்க.

நாங்க 24 பேரும் காதுல மிஷினோட நின்னு இதைக் கேட்டுட்டு இருக்கோம், எதிர்ல ஒரு கடை வாசல்ல ஸ்லீப்பிங் பேக்குல ஒருத்தர் படுத்திருக்காரு. முழிச்சுதான் இருந்தாரு. எங்களையே பாத்துட்டு இருந்தாரு. அந்த சர்ச் இன்னிக்கும் வீடில்லாதவங்களுக்கு உதவி பண்ற இடம், அதனால அங்க அப்படி ஆளுங்க இருக்கறது அதிசயம் இல்ல. கைடு அவருக்கு முதுகைக் காட்டிக்கிட்டு 1851ல வீடில்லாதவங்களைப் பத்திப் பேசிட்டு இருந்தாரு. என்னால அந்தப் படுத்திருந்தவரு முகத்தைப் பாக்க முடியல, காந்தி பக்கத்துல கேள்வி கேட்ட வீரமெல்லாம் எங்க போச்சுன்னு தெரியல. வீடு இருக்கறவங்க வீடில்லாத மாதிரி நடந்து பாக்கறோம், டிக்கன்ஸும் அதைத்தான் பண்ணாரு, நாங்க டிக்கெட் வாங்கிப் பண்றோம், ஒரே வித்தியாசம் அவரு அதைத் தெரிஞ்சே எழுதினாரு.

கடைசி ஸ்டாப் வாட்டர்லூ பாலம். இங்க ஒரு தப்பு. 'இதே பாலத்துலதான் டிக்கன்ஸ் நின்னு சுங்கக்காரனோட பேசினாரு'ன்னு கைடு சொன்னாரு. இதே பாலம் இல்லைங்க. டிக்கன்ஸ் நின்னது 1817ல திறந்த கல் பாலம், அதுல நடந்து போகக்கூட அரை பென்னி கட்டணும், 1878லதான் அந்த சுங்கத்தை எடுத்தாங்க. அந்தப் பாலத்தை 1930கள்ல இடிச்சுட்டாங்க. இப்ப இருக்கறது ரெண்டாம் உலகப் போர் நேரத்துல கட்டினது, ஆம்பளைங்க போர்ல இருந்ததால பொம்பளைங்க நிறைய பேரு வேலை செஞ்ச பாலம், அதனாலயே லேடீஸ் பிரிட்ஜ்னு பேரு. இவ்ளோ நல்ல கதையை வச்சிக்கிட்டு ஏன் தப்பா சொல்லணும். இதை மட்டும் ஃபீட்பேக் ஃபார்ம்ல எழுதினேன், இன்னி வரைக்கும் பதில் இல்ல.

ஆனா பாலத்து மேல நின்னது நல்லா இருந்துச்சு, அதை மறைக்க முடியாது. மழை விட்டிருந்துச்சு, கீழ தண்ணி கருப்பா, அதுல விளக்கு வெளிச்சம் நீள நீளமா நெளியுது. தற்கொலை பண்ணிக்கிட்டவங்க ஆவி தாங்க முங்கின இடத்தைக் காட்ட தண்ணிக்கு அடியில விளக்கு புடிச்சிட்டு நிக்கற மாதிரின்னு டிக்கன்ஸ் எழுதினதை கைடு அங்க வச்சு சொன்னாரு, முதுகு சில்லுன்னு ஆச்சு. அப்புறம் ஆளுக்கு ஒரு பென்சில் பரிசா குடுத்தாங்க, கம்பெனி பேரு அச்சடிச்சது. சாக்கையே பரிசாக் குடுத்துட்டா நாளைக்கு நான் என்ன சொல்லிட்டு வெளிய போறது? ரூமுக்கு வந்து சீவினேன், முனை ரெண்டு தடவை ஒடிஞ்சுது.

இப்ப என் பெரிய புகார். அந்தப் பாலத்துலேர்ந்து அஞ்சு நிமிஷம் நடந்தா வாட்டர்லூ ஸ்டேஷன். சாம் செல்வானோட தி லோன்லி லண்டனர்ஸ் அங்கதான் ஆரம்பிக்குது, 1956ல வந்த நாவல். பனி மூட்டமா ஒரு குளிர்கால சாயங்காலம், மோசஸ்ங்கற ஆளு புதுசா டிரினிடாட்லேர்ந்து வர்ற ஒருத்தனை கூட்டிட்டு வர ஸ்டேஷனுக்குப் போறான். வர்றவன் மெல்லிசு கோட்டு போட்டுக்கிட்டு, பொட்டி படுக்கை ஒண்ணும் இல்லாம இறங்கறான், அவனுக்கு கலஹாட்னு பட்டப் பேரு. செல்வான்ங்கற பேரு நம்ம ஊரு பேரு மாதிரி இருக்கேன்னு பாத்தா, அவங்கப்பா மெட்ராஸ்லேர்ந்து டிரினிடாட் போனவரு. ஈஸ்ட் ஹாம் லைப்ரரியில இந்தப் புத்தகத்தை எடுத்து ரெண்டு நாள்ல முடிச்சேன், டிரினிடாட் பேச்சு வழக்குலயே மொத்தக் கதையும், வெயில் காலம் வர்ற இடத்துல முற்றுப்புள்ளியே இல்லாம பக்கம் பக்கமா ஒரே வாக்கியம் ஓடும், நம்ம பேசற மாதிரி.

அதுல கலஹாட் முதல் நாள் வேலை தேடி தனியா வெளிய இறங்கறான். எனக்கு வழி தெரியும்னு வீறாப்பா கிளம்பினவன் தெருவுக்கு வந்ததும் சூரியனைப் பாக்கறான், சூடே இல்லாம, அடிச்சுப் பழுக்க வச்ச ஆரஞ்சு மாதிரி வானத்துல தொங்குது. கூட்டம் போயிட்டே இருக்கு, அவனுக்கு திடீர்னு பயம் புடிச்சு நின்னுடறான். வந்த முதல் வாரம் நான் ஈஸ்ட் ஹாம் ஸ்டேஷன் வாசல்ல அப்படித்தான் நின்னேன், கையில ஃபோன்ல மேப் இருந்தும். இன்னொரு இடத்துல தெருவுல ஒரு குழந்தை அவனைக் கைகாட்டி அம்மா அந்தக் கருப்பு ஆளைப் பாருன்னு சொல்லுது. பின்னாடி ஒரு ராத்திரி அவன் தன் கையையே பாத்து, அந்த நிறத்துகிட்ட பேசுவான், எல்லாம் உன்னாலதானேன்னு. வுல்ஃபுக்கு கதவை சாத்தினதும் 'நான்' கழண்டுடுது. கலஹாட் எவ்ளோ நடந்தாலும் கழளல, ஏன்னா அது எதிர்ல வர்றவங்க கண்ணுல ஒட்டிக்கிட்டு இருக்கு. டவுட்டுன்னு மேல சொன்னேனே, அது இதுதான். ரெண்டையும் ஒரே சாயங்காலத்துல சொல்லியிருந்தா இந்த வாக்குக்கு அஞ்சுக்கு அஞ்சு குடுத்திருப்பேன்.

இப்ப அஞ்சுக்கு மூணு. கைடு குரலுக்கும் டாவிஸ்டாக் ஸ்கொயருக்கும் டி குவின்ஸிக்கும் மூணு. போறவங்க கவனத்துக்கு: நவம்பர்ல நாலு மணிக்கே இருட்டிடும், அந்த நேரத்து வாக்கே எடுங்க, பகல்ல இதுக்கு அர்த்தமே இல்ல. நனையாத ஷூ போடுங்க, நான் கேன்வாஸ் போட்டு விரல் மரத்துப் போச்சு. மியூசியம் பக்கத்துலயே பாத்ரூம் போயிடுங்க, அப்புறம் நேரம் குடுக்க மாட்டாங்க. வுல்ஃப், டிக்கன்ஸ் கட்டுரை ரெண்டும் காப்புரிமை முடிஞ்சு ஆன்லைன்ல ஃப்ரீயாவே கிடைக்குது, முன்னாடியே படிச்சிட்டுப் போங்க. காசை மிச்சம் பண்ணணும்னா ரூட்டை மேல எழுதியிருக்கேன், தனியாவே நடங்க. சொல்லப் போனா அதான் சரி.

நான் அடுத்த வெள்ளிக்கிழமை ஆபீஸ் முடிஞ்சு தனியாப் போனேன். 'ஷார்ப்னர் வாங்கணும்'னு ரூம்மேட்கிட்ட சொல்லிட்டு. கிரேட் டிச்ஃபீல்ட் தெரு ஆக்ஸ்ஃபோர்ட் தெருவுல வந்து முட்டற முனையில சரியா ஆறு மணிக்கு போய் நின்னேன், அந்தப் பொண்ணு வராத முனை. எதுக்குன்னு கேட்டா தெரியல. கிறிஸ்துமஸ் விளக்கெல்லாம் போட்டு ஜகஜகன்னு இருக்கு, பை தூக்கிட்டு கூட்டம் கூட்டமா போறாங்க, நிக்கற என்னை யாரும் பாக்கல. அம்மாவுக்கு ஃபோன் போடலாம்னு எடுத்தேன், மதுரையில அப்ப ராத்திரி பதினொன்றரை, வச்சிட்டேன். எட்டு மாசத்துல இந்த ஊருல என்கிட்ட வழி கேட்டது ஒருத்தரும் கிடையாது, என்னைப் பாத்தா வழி தெரிஞ்சவ மாதிரி இல்ல போல. அன்னிக்கு ஒரு வயசான தம்பதி நேரா என்கிட்ட வந்து ஆக்ஸ்ஃபோர்ட் சர்க்கஸ் ஸ்டேஷன் எந்தப் பக்கம்னு கேட்டாங்க. எனக்கு பெருமை தாங்கல, கைய நீட்டி இடது பக்கம்னு சொன்னேன், தாங்க்யூ சொல்லிட்டுப் போனாங்க. ஒரு நிமிஷம் கழிச்சுதான் உறைச்சுது, அது வலது பக்கம். ஓடினேன். சிக்னல் விழுந்துச்சு, எதிர்ல ஒரு பஸ்ஸு கூட்டம் இறங்குச்சு, ரெண்டு பேரையும் காணோம்.